வெர்னா வாயை மூடிய நாள்

என் வலது காது கேட்காது. பிறவிக் கோளாறு இல்லை, போரில் குண்டு வெடித்ததும் இல்லை. கெல்டன் ஊர் பேஸ்பால் மைதானத்தில், முதல் தளத்துக்கு நேர் பின்னால் இருக்கும் மரப்பலகையில், வெர்னா டீக்மனுக்கு இடது பக்கம் பல கோடைகாலம் உட்கார்ந்திருந்தேன். அவ்வளவுதான் காரணம். டாக்டர் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்துவிட்டு, "டுவெய்ன், நீ ஏதாவது ஆலையில வேலை பாத்தியா?" என்று கேட்டார். இல்லை, இரும்புச் சாமான் கடை, ஆணி விற்கிறேன் என்றேன். "அப்ப வெர்னா பக்கத்துல உக்காருறியா?" என்றார். மருத்துவம் படித்தவரல்லவா, உடனே பிடித்துவிட்டார்.

பார்க்க ஒன்றும் பெரிய ஆள் இல்லை அவள். என் தோளுக்குத்தான் வருவாள். வேலை, பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டுவது. கடைசி இருக்கையில் ஒரு பயல் முன்னால் இருக்கும் பெண்ணின் சடையைத் தொட்டால் போதும், திரும்பிப் பார்க்காமலே ஒரு சத்தம் போடுவாள். அந்தப் பயல் அடங்குவான், கூடவே சாலையோரத்து மாடும் மேய்ச்சலை நிறுத்தும். அந்தத் தொண்டையை அவள் வருஷத்தில் ஒன்பது மாதம் பிள்ளைகளுக்கும், மூன்று மாதம் பேஸ்பாலுக்கும் செலவழித்தாள். பேஸ்பாலுக்குக் கொடுத்ததுதான் நல்ல பங்கு.

எங்கள் அணியின் பெயர் கெல்டன் கெளுத்திகள். சிரிக்காதீர்கள். மிசிசிப்பி ஆற்றங்கரையில் இருக்கும் ஐயோவா ஊருக்குச் சிங்கம் புலி என்றா பெயர் வைக்க முடியும்? எங்களுக்கு ஜென்ம விரோதி பிரேடன் ஊர் முள்ளம்பன்றிகள். இரண்டுமே அடிமட்டக் குழுவில் இருக்கும் அணிகள். பெரிய நகரத்து அணிகள் தங்கள் இளவட்டங்களை எங்களிடம் அனுப்பி வைக்கும். தேறினவர்கள் மேலே போவார்கள், தேறாதவர்கள் வீட்டுக்குப் போவார்கள்.

வெளியூர்க்காரர்களுக்கு ஒரு விஷயம் புரிவதில்லை. பேஸ்பாலில் பாதி நேரத்துக்கு மேல் யாரும் எதுவும் செய்வதில்லை. பந்து வீசுகிறவன் துப்புவான். மட்டைக்காரன் கையுறையைச் சரி செய்வான். நடுவர் தன் தூசித் துடைப்பத்தை எடுத்துத் தளத்தைப் பெருக்குவார். இந்தச் சும்மா நேரத்தைத்தான் இந்த நாடு நூறு வருஷத்துக்கு மேலாகக் காதலித்து வருகிறது. அதை யாராவது நிரப்ப வேண்டுமே? பெரிய மைதானங்களில் ஆர்கன் வாசிக்க ஆள் போட்டிருக்கிறார்கள். எங்களுக்கு வெர்னா இருந்தாள்.

எதிரணிக்காரன் ஒருவன் கையுறையை இழுத்து, தொப்பியைத் தட்டி, மட்டையை உருட்டி, மறுபடி கையுறையை இழுப்பான். அப்போது என் வலது காதருகே கிளம்பும்: "கல்யாணப் பொண்ணு அலங்காரம் முடிஞ்சுதா? பாதிரியார் காத்திருந்து காத்திருந்து வீட்டுக்குப் போயிட்டாரு!" வீச்சாளன் பந்தைப் பிடித்துக்கொண்டு யோசிப்பான். "போடுப்பா தம்பி! விட்டா அது கையிலேயே குஞ்சு பொரிச்சிரும்!" தடுப்பாளன் ஒருவன் கால் இடுக்கில் பந்தை விட்டுவிட்டான். "வாசக்கதவைச் சாத்துடா! ஊர்க்கோழியெல்லாம் உள்ள வருது!" ஒருமுறை பிரேடன் வீச்சாளன் பொறுக்க முடியாமல் திரும்பி அவளோடு வாதாட ஆரம்பித்தான். அவன் "அம்மா, நான் சொல்றதைக் கொஞ்சம்..." என்று தொடங்குவதற்குள் எங்கள் பையன் மூன்றாம் தளத்திலிருந்து ஓடி வந்து ஓட்டத்தை முடித்துவிட்டான். அன்று ஊரே அவளைத் தோளில் தூக்கியது.

ஆனால் அவளிடம் சட்டம் இருந்தது. தாயைச் சொல்ல மாட்டாள். நிறத்தைச் சொல்ல மாட்டாள். அடிபட்டவனைச் சொல்ல மாட்டாள். கெட்ட வார்த்தை வரவே வராது, ஏனென்றால் முன்வரிசையில் அவள் பேருந்துப் பிள்ளைகள் ஐஸ்கிரீமோடு உட்கார்ந்திருப்பார்கள். ஒருநாள் புதிதாக வந்த ஒருத்தன் ஒரு கறுப்பின ஆட்டக்காரனைப் பார்த்து அசிங்கமாக ஒன்று கத்தினான். வெர்னா எழுந்து மைதானத்துக்கு முதுகைக் காட்டி அவனைப் பார்த்து நின்றாள். அடுத்த அரைச் சுற்று முழுக்க அவனைத்தான் திட்டினாள். பாதியிலேயே அவன் தொப்பியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டான்.

இதற்கெல்லாம் வேர் அவள் அப்பாவிடம் இருந்தது. இந்த ஆட்டத்தை ஒரு தளபதிதான் கண்டுபிடித்தார் என்று பள்ளியில் எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தார்கள். அது சுத்தப் புளுகு என்று அப்புறம் சொன்னார்கள். யார் கண்டுபிடித்தால் என்ன, எங்கள் ஊருக்கு அது உள்நாட்டுப் போர் முடிந்து திரும்பிய சிப்பாய்களோடு வந்தது. செங்கல் சூளைக்காரர்களும் பீர் ஆலைக்காரர்களும் ஞாயிறு பூசை முடிந்ததும் மோதுவார்கள். தோற்றவர்கள் பீர் வாங்கித் தர வேண்டும் என்பது ஏற்பாடு. அதனால் ஆலைக்காரர்கள் தோல்வியைப் பற்றிக் கவலைப்பட்டதே இல்லை. வெர்னாவின் அப்பா சூளைக்காரர்.

வெர்னா சின்னப் பிள்ளையாக இருந்தபோது, பழைய பேருந்து ஒன்றில் ஊர் ஊராகச் சுற்றி ஆடும் கறுப்பின அணி ஒன்று கெல்டனுக்கு வந்தது. கறுப்பர்களைப் பெரிய அணிகள் வாசற்படியிலேயே நிறுத்தி வைத்திருந்த காலம். அவர்கள் எங்கள் சூளை அணியைத் துவைத்துக் காயப்போட்டார்கள். ஊரே ஆரவாரம் செய்தது, கைதட்டியது. சாயங்காலம் அவர்களுக்குப் படுக்க இடம் கேட்டால், திடீரென்று ஊரில் எங்குமே அறை இல்லை. வெர்னாவின் அப்பா அவர்களை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்து தரை முழுக்கப் படுக்கை விரித்தார். மேசையில் அந்த அணியின் வீச்சாளர் உருளைக்கிழங்கைத் தட்டில் போட்டுக்கொண்டே கேட்டாராம்: "இன்னிக்கு என்னை அங்க கிழிகிழின்னு கிழிச்சுதே ஒரு குரல், அது யாரோடது?" வெர்னா மேசைக்கு அடியில் போய்விட்டாள். அவர் குனிந்து பார்த்தார். "நீதானா? உன்னால எனக்கு ரெண்டு பந்து கோணலாப் போச்சு பாப்பா. எங்ககூட பஸ்ல வர்றியா?" சரி என்று சொல்லி அவள் காலுறையைத் தேடப் போயிருக்கிறாள். அம்மா பிடித்து நிறுத்தாவிட்டால் போயே இருப்பாள். கைதட்டினவர்கள் எல்லாரும் கதவைச் சாத்திவிட்டார்கள், திட்டினவள் வீட்டில்தான் சோறு கிடைத்தது என்று அப்பா கடைசிவரை சொல்லிச் சொல்லிச் சிரிப்பாராம்.

வெர்னாவும் அதே வழிதான். அடிமட்ட அணிகளில் ஆடும் பையன்களுக்குச் சம்பளம் கைக்கும் வாய்க்கும் எட்டாது. அதனால் எங்களைப் போன்ற ஊர்களில் குடும்பங்கள் கோடைக்கு ஒருவனை வீட்டில் வைத்துச் சோறு போடுவது வழக்கம். வெர்னாவுக்குப் பிள்ளை இல்லை. கணவர் ஆர்வில் ஆட்ட நாட்களில் தூண்டிலை எடுத்துக்கொண்டு ஆற்றுக்குப் போய்விடுவார். அங்கேயும் அவள் சத்தம் கேட்கும்; எந்தச் சுற்று, யார் முன்னிலை என்று அதை வைத்தே தெரிந்துகொள்வேன் என்பார். ஆக வீட்டில் அறை காலியாக இருந்தது, அடுப்பில் எப்போதும் ஏதோ வெந்துகொண்டிருந்தது. வருஷத்துக்கு ஒரு பையன் வந்தான்.

அந்தப் பையன்களுக்கு மட்டும் ஒரு தனிச் சலுகை. எங்கள் அணிக்காரர்கள் யாரையும் வெர்னா திட்ட மாட்டாள், தன் வீட்டில் சாப்பிடுகிறவனைத் தவிர. "என் சோத்தைத் தின்னுட்டு இந்த அழகுல ஆடினா நான் கேக்காம யாரு கேப்பா?" என்பாள். அவன் மட்டையைப் பிடித்துக்கொண்டு வந்தாலே ஆரம்பித்துவிடுவாள்.

அப்படி ஒரு மே மாதம் வந்து இறங்கியவன்தான் எலிசேயோ. டொமினிக்கன் குடியரசில் ஒரு கரும்பாலை ஊர். கையில் ஒரு பை, வாயில் எங்கள் மொழி மூன்றே சொல்: வணக்கம், நன்றி, கோழி. எங்கள் ஊரில் வேறு எந்த மொழியும் யாருக்கும் தெரியாது. அவன் பேச்சைக் கற்றுக்கொண்டது இரண்டே இடத்தில்: காலையில் பயிற்சிக்கு அவனை இறக்கிவிடும் வெர்னாவின் பேருந்தில், சாயங்காலம் வெர்னா உட்காரும் பலகையின் முன்னால். பலன் என்னவாக இருக்கும் என்று நீங்களே யோசியுங்கள். முதல் ஞாயிறு கோவிலில் ஃபாதர் மல்வானி பிரசங்கம் முடித்து வாசலில் நின்று கை கொடுத்தார். எலிசேயோ பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டு, "வாயை மூடிட்டு உக்காருங்க ஃபாதர், ஜன்னல்ல தலையை நீட்டாதீங்க!" என்றான். ஃபாதர் அவனை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு "வெர்னா வீட்டுப் பையனா?" என்று கேட்டுவிட்டு ஆசீர்வதித்தார்.

அவன் காதில் திட்டும் பாசமும் ஒன்றாகத்தான் விழுந்தது. மட்டைக்காரன் இடத்தில் வந்து நின்றதும் எங்கள் பக்கம் திரும்பிப் பார்ப்பான். வெர்னா பிடித்துக்கொள்வாள்: "என்னடா பாக்குற? பந்து அந்தப் பக்கம் வருது! என் மூஞ்சியிலயா வருது?" அவன் சிரிப்பான். தோள் தளரும். அடுத்த பந்து வேலிக்கு மேலே பறக்கும். ஒன்றரைக் கோடை இப்படிப் பறந்தது. முதல் தளத்தில் தடுப்பாளனாக அவன் நிற்கும் இடம் எங்களுக்கு நேர் எதிரே. ஆட்டத்தின் நடுவில் வெர்னா வீட்டில் ராத்திரி என்ன சமையல் என்றுகூடக் கேட்டுக்கொள்வான்.

இரண்டாம் கோடை நடுவில் மேலே இருக்கும் பெரிய அணிகள் தங்களுக்குள் ஏதோ கொடுக்கல் வாங்கல் செய்துகொண்டன. எலிசேயோ ஒரே நாளில் பிரேடன் முள்ளம்பன்றி ஆகிவிட்டான். மஞ்சள் சட்டை. வெர்னா அவனுக்குச் சாப்பாடு கட்டிக் கொடுத்துப் பேருந்து நிலையத்தில் நின்று, "போடா, அந்த ஊர்ல தண்ணிகூட நல்லா இருக்காது" என்று திட்டியே அனுப்பினாள். அங்கே போனதும் அவன் மட்டை உறங்கிவிட்டது. வாரக்கணக்கில் ஒன்றும் படவில்லை.

கடைசி ஆட்டம் எங்கள் ஊரில் வந்தது, அதுவும் பிரேடனோடு. கெல்டன் ஜெயித்தால் கோப்பை எங்களுக்கு. முப்பது வருஷமாக நாங்கள் பார்க்காத கோப்பை! முடி திருத்துகிறவர் கெளுத்தி மீசை வைத்துவிட்டார், வங்கி மேலாளர் எங்கள் அணியின் பச்சை நிறத்தில் காற்சட்டை போட்டுக்கொண்டு வேலைக்கு வந்தார். யாருமே சரியாக இல்லை.

முதல் நாள் சாயங்காலம் எலிசேயோ வெர்னா வீட்டுக்கு வந்தான். நானும் இருந்தேன். பன்றிக் கறி, வேகவைத்த சோளம், அவனுக்காகவே செய்த அரிசியும் அவரையும். சோளத்தைத் தொடவே இல்லை.

"மேனேஜர் சொல்லிட்டாரு அம்மா. நாளைக்கு மேல இருந்து ஒரு ஆளு பாக்க வர்றாராம். நாளைக்கும் அடிக்கலேன்னா டிக்கெட்டைக் கையில குடுத்துருவாங்க."

"எங்க போறதுக்கு?"

"ஊருக்குத்தான். கரும்பு வெட்ட." சிரிக்கப் பார்த்தான், வரவில்லை. கையில் இருந்த முள்கரண்டி தட்டில் கடகடவென்று தட்டிக்கொண்டிருந்தது.

அவன் போன பிறகு வெர்னா தட்டைக் கழுவிக்கொண்டே சொன்னாள்: "டுவெய்ன், நாளைக்கு நான் வாயைத் திறக்கப் போறதில்ல."

எனக்கு இருந்த ஒரு நல்ல காதையும் நான் நம்பவில்லை. "என்ன சொல்ற? கோப்பை?"

"கோப்பை கிடக்குது. அவன் கையைப் பாத்தியா? என் வாய்ல விழுந்து எத்தனை மஞ்சச் சட்டைக்காரன் சுருண்டிருக்கான்? நீயே சொல்லு."

"இங்க இருந்தப்ப மட்டும் திட்டினியே?"

"அப்ப நம்ம வீட்டுச் சட்டை. நம்ம பிள்ளையைத் திட்டினா அது சோறுப்பா. அடுத்த அணிச் சட்டை போட்டவனைத் திட்டினா விஷம்."

ஆர்வில் கூட செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்கிப் பார்த்தார். முப்பத்தைந்து வருஷக் கல்யாண வாழ்க்கையில் கேட்காத செய்தி.

மறுநாள் ஆகஸ்ட் வெயிலில் வெர்னா கழுத்தைச் சுற்றிக் கம்பளித் துண்டு போட்டுக்கொண்டு வந்தாள். தொண்டை கட்டிவிட்டது என்று ஜாடை காட்டினாள். மைதானம் பதறிப்போனது. கோப்பை ஆட்டம், வெர்னாவுக்குத் தொண்டை இல்லை! கீழ் வரிசையிலிருந்து தொண்டை மிட்டாய் கை மாறிக் கை மாறி மேலே வந்தது. மேல் வரிசையிலிருந்து கீழே வந்தது. யாரோ தேன் கலந்த தேநீர் கொண்டுவந்தார்கள். மருந்துக்கடை ஹென்றியேட்டா வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்துவிட்டு, "சிவந்திருக்கு, ரொம்பச் சிவந்திருக்கு" என்றாள். அவள் பார்த்தது செர்ரி மிட்டாயின் நிறத்தை. வெர்னாவின் மடி மிட்டாய்க் கடை ஆகிவிட்டது.

எலிசேயோ முதல் முறை மட்டை பிடிக்க வந்தான். வழக்கம்போல எங்கள் பக்கம் திரும்பினான். வெர்னா மடியில் இருந்த மிட்டாயை எண்ணுவதுபோல் குனிந்துகொண்டாள். அவன் கொஞ்சம் காத்திருந்தான். பிறகு வந்த மூன்று பந்திலும் மட்டையை வீசினான், மூன்றும் காற்றில். வெளியேறினான்.

இரண்டாம் முறையும் அப்படியே. வானத்தைப் பார்த்து ஒன்று தூக்கினான், அது எங்கள் வீச்சாளன் கையிலேயே வந்து உட்கார்ந்தது. ஊர் ஆரவாரம் செய்தது. வெர்னாவின் கை என் முழங்கையை இறுக்கிப் பிடித்திருந்தது, நகம் பதிந்துவிட்டது.

எங்கள் பாதிச் சுற்றில் எலிசேயோ முதல் தளத்துக்கு வந்து நின்றதும் என்னைக் கூப்பிட்டான். "டுவெய்ன் சார், அம்மாவுக்கு உடம்பு சரியில்லையா?"

"தொண்டைப்பா, தொண்டை கட்டிருச்சு" என்றேன். அவன் தலையாட்டினான். அதோடு முடிந்திருக்கும். நடுவர் கெடுத்தார்.

ஆறாவது சுற்றில் எங்கள் பையன் சறுக்கி வந்து தளத்தைத் தொட்டது ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருப்பவனுக்குக்கூடத் தெரியும். நடுவர் அவுட் என்றார். வெர்னா தன் மௌன விரதத்தை மறந்துவிட்டாள். மடி மிட்டாயை ஒரு கையால் அள்ளிப் பிடித்துக்கொண்டு, பலகையே ஆடும்படி எழுந்தாள். "ஐயா நடுவரே! கண்ணாடியை வீட்டுல மறந்துட்டீங்களா, இல்ல கண்ணையே மறந்துட்டீங்களா?"

மைதானம் எழுந்து நின்று கைதட்டியது. மிட்டாய் வேலை செய்துவிட்டது! ஹென்றியேட்டா நாலா பக்கமும் திரும்பி வணங்கினாள். வெர்னா வாயைக் கையால் பொத்திக்கொண்டு உட்கார்ந்தாள். ஆனால் அதற்குள் முதல் தளத்திலிருந்து எலிசேயோ அவளைப் பார்த்துவிட்டான். அவன் முகம் மலர்ந்துவிட்டது.

அடுத்த சுற்றில் அவன் மட்டையோடு வந்தபோது நேராக அவளைப் பார்த்தான், பிறந்தநாள் பரிசுக்குக் காத்திருக்கும் முகத்தோடு. ஊரும் அவளைப் பார்த்தது. வெர்னா கண்ணை மூடிக்கொண்டாள். மூச்சுக்கூட விடவில்லை. அவன் மட்டையைச் சரியாகக்கூட வீசவில்லை. மூன்றாம் முறையும் வெளியேறினான். பிரேடன் பெஞ்சில் மேனேஜருக்குப் பக்கத்தில், வெள்ளைத் தொப்பி போட்ட ஒரு ஆள் உதட்டைப் பிதுக்கிக்கொண்டு மேனேஜரிடம் ஏதோ சொன்னதை நான் பார்த்தேன்.

அவன் தடுக்க வந்தபோது என்னைக் கூப்பிடவில்லை. நான்தான் வேலியோரம் போனேன். பந்தையே பார்த்துக்கொண்டு மெல்லக் கேட்டான்: "தொண்டை நல்லாத்தானே இருக்கு. எல்லாரையும் திட்டுறாங்க. என்னை மட்டும் விட்டுட்டாங்க. இந்தச் சட்டை போட்டதால நான் அவங்க பிள்ளை இல்லேன்னு ஆயிடுச்சா?"

எனக்குத் தொண்டை அடைத்தது, மிட்டாய் எல்லாம் அவள் மடியில் இருந்தது. திரும்பி வந்து வெர்னாவின் காதில் ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். அவள் முகம் வெளுத்துவிட்டது.

"விஷம்னு நினைச்சேனே டுவெய்ன். நான் பட்டினி போட்டுட்டேனே!"

"இன்னொரு தடவை அவன் அடிக்க வருவானா?"

"வந்தா கடைசிச் சுற்றுலதான் வருவான்" என்றாள். கைகள் துண்டைப் பிடித்து முறுக்கிக்கொண்டிருந்தன. "ஆனா நம்ம கோப்பை..." என்று ஆரம்பித்து நிறுத்தினாள். எனக்குப் புரிந்தது. அவள் திட்டினால் அந்தப் பையன் எழுந்துவிடுவான். அவன் எழுந்தால் ஊர் விழும். முப்பது வருஷம் இந்தப் பலகையில் உட்கார்ந்து எந்தக் கோப்பைக்காக அவள் தொண்டையைத் தேய்த்தாளோ, அதே கோப்பை.

ஒன்பதாவது சுற்று. நாங்கள் ஒரு ஓட்டம் முன்னால். பிரேடனுக்கு இரண்டு பேர் அவுட், தளத்தில் ஒருவன் நிற்கிறான். எலிசேயோ வந்தான். இந்த முறை எங்கள் பக்கம் திரும்பவே இல்லை. முதல் பந்து, காற்றில் வீசினான். இரண்டாவது பந்து, வீசவே இல்லை, அடிக்க வேண்டிய நல்ல பந்து, விட்டதும் தவறியதுதான் என்று நடுவர் கையைக் காட்டினார். இன்னும் ஒன்று போனால் கோப்பை எங்களுடையது. மக்கள் ஒருவரையொருவர் கட்டிப் பிடிக்க ஆரம்பித்துவிட்டார்கள். வங்கி மேலாளர் பச்சைக் காற்சட்டையோடு பலகை மேல் ஏறி ஆடினார்.

வெர்னா துண்டைக் கழற்றி என் மேல் எறிந்தாள். எழுந்து நின்றாள். மடியில் இருந்த மிட்டாயெல்லாம் படிக்கட்டுகளில் உருண்டன.

"டேய் எலிசேயோ!"

அந்தச் சத்தத்தில் ஆற்றங்கரையில் ஆர்வில் தூண்டிலைத் தவற விட்டாராம், அவரே சொன்னார்.

"என்னடா அது, தோள் ரெண்டும் காதுக்கு மேல நிக்குது? சட்டையை ஹேங்கரோட மாட்டிட்டு வந்துட்டியா? இறக்குடா! என்னது கையில, மட்டையா, துடைப்பமா? ஊரைப் பெருக்கவா உன்னைக் கூப்பிட்டாங்க? என் வீட்டுல பன்னிக்கறிக்கு நீளுற கை இங்க மட்டும் ஏண்டா மடங்குது? நேத்து நீ தொடாத சோளம் அடுப்படியில என்னைப் பாத்து அழுவுதுடா! கண்ணைத் தொறந்து பாரு, வர்றது பந்து, பாம்பு இல்ல!"

ஊருக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். வெர்னா திரும்பி வந்துவிட்டாள், பிரேடன்காரனை நொறுக்கப் போகிறாள்! மூவாயிரம் பேரும் சேர்ந்துகொண்டார்கள். "இறக்குடா! தோளை இறக்குடா!" என்று மொத்த மைதானமும் அந்தப் பையனுக்காகக் கத்தியது, கெடுக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு.

எலிசேயோ நடுவரிடம் ஒரு நிமிஷம் என்று கையைக் காட்டிவிட்டுக் கட்டத்துக்கு வெளியே வந்தான். எங்கள் பக்கம் திரும்பினான். அவன் பல்லெல்லாம் நான் எண்ணியிருக்கலாம். தோள் இறங்கியது. உள்ளே போய் நின்றான்.

அந்தப் பந்து மட்டையில் பட்ட சத்தம் என் செத்த காதிலும் கேட்டது, சத்தியமாக. வேலியைத் தாண்டியது, ரயில் பாதையைத் தாண்டியது, எங்கேயோ சோளக் காட்டுக்குள் போய் விழுந்தது.

சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எங்கள் கடைசிப் பாதியில் மூன்று பையன்கள் வரிசையாகப் போய் வரிசையாகத் திரும்பி வந்தார்கள். கோப்பை போயிற்று. குளிர்காலம் முழுக்க ஊரில் ஒருத்தர் பாக்கியில்லாமல் வெர்னாவைத் திட்டினார்கள். அவள் நின்று கேட்டு, "இது சரியில்ல, இன்னும் நல்லாத் திட்டலாம்" என்று திருத்திக் கொடுப்பாள். எலிசேயோவை ஊருக்கு அனுப்பவில்லை. அடுத்த வருஷம் ஒரு படி மேலே ஏற்றினார்கள். இதெல்லாம் பின்னால் நடந்தது.

பந்து சோளக் காட்டில் விழுந்தபோது மைதானத்தில் ஒரு ஈ பறந்தால் கேட்கும். மூவாயிரம் பேர் வாயைத் திறந்தபடி உட்கார்ந்துவிட்டார்கள். நின்றுகொண்டிருந்தவள் வெர்னா ஒருத்திதான். அவன் தளங்களைச் சுற்றி ஓடுவதையே பார்த்துக்கொண்டு நின்றாள். எலிசேயோ கடைசித் தளத்தைத் தொட்டான். மஞ்சள் சட்டைக்காரர்கள் பாய்ந்து வந்து முதுகில் அடித்தார்கள். அவன் அவர்களை விலக்கிவிட்டு, தலைக்கவசத்தைக் கையில் எடுத்துக்கொண்டு, நடுவர் கத்தக் கத்தக் கேட்காமல், நேராக எங்கள் வேலிக்கு நடந்து வந்தான். கன்னமெல்லாம் நனைந்திருந்தது.

"இவ்வளவு நேரம் எங்கம்மா போயிருந்த?" என்றான்.

வெர்னா வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை. வேலிக்கு மேலாக எட்டி அவன் தலையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அழுதாள்.